பேர் சொல்லாதவள்

முன்னொரு காலத்திலே, உங்கள் ஊருக்கும் என் ஊருக்கும் இன்னும் யாரும் பெயர் வைத்திராத அந்தக் காலத்திலே, கருங்குன்றம் என்று ஒரு நாடு இருந்தது. நாட்டுக்கு ஒரு ராஜா இருந்தார். அவரைப் பற்றி இந்தக் கதையில் அதிகம் சொல்ல மாட்டேன். ஏனென்றால் அவர் எதுவும் செய்யவில்லை.

கருங்குன்றத்தில் பிள்ளைக்குப் பெயர் வைப்பது பெரிய காரியம். பிறந்த பதினாறாம் நாள் அப்பாவின் உடன்பிறந்தவள் வருவாள், அதாவது அத்தை. பிள்ளையை மடியில் கிடத்தி, ஒரு காதை வெற்றிலையால் மூடி, மறு காதில் பெயரைச் சொல்லுவாள். ஒரு தரம், இரண்டு தரம், மூன்று தரம். பிறகு வெளியே வந்து, இன்னார் பிள்ளை, பெயர் இன்னது என்று ஊருக்குச் சொல்லுவாள். ஆண்பிள்ளை என்றால் தாத்தாவின் பெயர். தாத்தா பெயரைச் சுமக்கிறவன் என்பதால்தான் அவன் பேரன். பெண்பிள்ளை என்றால் பாட்டி பெயர், இல்லையென்றால் பெற்றவள் அன்றைக்குக் கண்ணால் கண்ட நல்லது எதுவோ அதன் பெயர்.

இத்தனை மெனக்கெட்டு வைக்கிறார்களே, பிறகு என்ன செய்வார்கள் தெரியுமா? ஆண்பிள்ளையின் பெயரை ஊரே கூப்பிடும், அவன் கட்டையில் போகிற வரைக்கும். பெண்பிள்ளையின் பெயரைக் கல்யாணம் வரைக்கும்தான் கூப்பிடுவார்கள். தாலி ஏறிய மறுநாளிலிருந்து அவள் இன்னார் பொண்டாட்டி, இன்னார் மருமகள், பிள்ளை பிறந்தால் இன்னாருடைய அம்மா. அவளும் புருஷன் பெயரைச் சொல்லக் கூடாது. சொன்னால் அவன் ஆயுசு குறையுமாம். இதைக் கண்டுபிடித்த மகராசன் யாரென்று தெரிந்தால் நாலு வார்த்தை கேட்கலாம் என்று இருக்கிறேன். இன்றுவரை அகப்படவில்லை.

அந்த நாட்டில் செங்கோடன் என்று ஒருவன் இருந்தான். கிணறு வெட்டுவது அவன் தொழில். செங்கோடு என்றால் சிவந்த மலை. அவனுடைய தாத்தா சிவந்த மலையடிவாரத்தில் பிறந்தவர், அதனால் அவருக்கு அந்தப் பெயர், அவரிடமிருந்து இவனுக்கு வந்தது. அவனுக்கு ஒரு மனைவி. அவள் பெயரா? அந்த ஊரில் ஒருவரும் அதைச் சொன்னதில்லை. நானும் இப்போதைக்குச் சொல்லப் போவதில்லை.

விடிந்ததும் அவன் கயிற்றைப் பிடித்துக் குழிக்குள் இறங்குவான். உச்சிவெயில் ஏறும்போது அவள் சோற்றுச்சட்டியோடு வந்து, விளிம்பில் குந்தி, உள்ளே எட்டிப் பார்த்துக் கூப்பிடுவாள்.

"என்னங்க... சோறு ஆறுது, மேல வாங்க!"

ஆழத்திலிருந்து குரல் வரும்.

"இதோ வந்துட்டேன்!"

உடனே வர மாட்டான். இன்னும் இரண்டு கூடை மண் வெட்டிவிட்டுத்தான் வருவான். சோறு ஆறித்தான் போயிருக்கும். அவள் முணுமுணுப்பாள், அவன் சிரிப்பான், இருவரும் சாப்பிடுவார்கள். கல்யாணமாகி ஐந்து வருஷம் இப்படித்தான் போயிற்று. ஐந்தாம் வருஷத்தில் அவள் வயிற்றில் ஒரு பிள்ளை தங்கியது.

அந்த வருஷத்தில்தான் பாழிமலைக்கு ஒரு மந்திரவாதி வந்து சேர்ந்தான். அவனுக்குக் குரல்திருடன் என்று பெயர். அவன் காதுகள் முறத்தைப் போல அகலமாக இருக்கும். மலையுச்சியில் உட்கார்ந்தபடியே, நாட்டில் யார் யாரை எப்படிக் கூப்பிடுகிறார்கள் என்று கேட்டுக்கொண்டிருப்பான். அவனுக்கு ஒரு கோட்டை வேண்டும். சாதாரணக் கல்லில் கட்டினால் அவன் செய்த பாவத்துக்கு அது நிற்கவில்லை, மூன்று தரம் சரிந்துவிட்டது. உயிருள்ள கல் வேண்டும் என்று தீர்மானித்தான். ஆயிரம் கல். ஆயிரமாவது கல் ஏறிவிட்டால் போதும், கோட்டை இறுகிவிடும். அதற்குப் பிறகு ஒரு கல்லையும் பிரிக்க முடியாது.

உச்சிவேளையில் அவன் கூப்பிடுவான். உன் பெயரைச் சொல்லி, உனக்குப் பிரியமான ஒருவரின் குரலில் கூப்பிடுவான். நீ "ஓ" என்று சொல்லிவிட்டால் தீர்ந்தது. கால்கள் தானாக மலைக்கு நடக்கும். அங்கே போய் நின்றால் நீ கல்.

முதலில் தவில் அடிக்கிறவன் போனான். அவனைக் கூப்பிட்டது தங்கையின் குரல். இரண்டாவதாக ஆட்டு வியாபாரி போனான், அண்ணன் குரலுக்கு. மூன்றாவதாகக் கோயில் பூசாரி. பிறகு எண்ண முடியவில்லை. ஆள் போனதோடு நிற்கவில்லை. அவனுடைய பெயரும் ஊர்க்காரர்களின் நாக்கிலிருந்து போய்விடும். "அவன்தான்பா... தவில் அடிப்பானே... அவன் பேர் என்ன..." என்று வாய் தடவிக்கொண்டே நிற்கும். பெயர் வராது.

பெண்களை அவனால் ஒன்றும் செய்ய முடியவில்லை. கல்யாணமானவர்களின் பெயரை யாரும் கூப்பிடுவதில்லையே, அவன் எங்கே போய்க் கேட்டுத் தெரிந்துகொள்வான்? கல்யாணமாகாத பெண்களை அம்மாக்கள் அன்றோடு "ஏ குட்டி" என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். ஆண்பிள்ளைகளுக்கும் அப்படியே செய்திருக்கலாம். ஆனால் தாத்தா பெயரை மறைப்பதாவது! கௌரவக் குறைச்சல் இல்லையா! கௌரவத்தோடு வரிசையாகப் போய்க் கல்லாக நின்றார்கள்.

செங்கோடன் மனைவி பயந்துபோனாள். ஒரு நாள் அவன் குழிக்குள் இறங்குமுன் கயிற்றைப் பிடித்துக்கொண்டாள்.

"இதோ பாருங்க. யார் பேர் சொல்லிக் கூப்பிட்டாலும் திரும்பாதீங்க."

"சரி."

"என் குரலாவே கேட்டாலும் திரும்பாதீங்க. நான் எந்தக் காலத்துலயும் உங்க பேரைச் சொல்லமாட்டேன். என் குரல்ல உங்க பேர் கேட்டா அது நானில்லை."

"சரி, சரி."

"வயித்துல இருக்கிற பிள்ளை மேல சத்தியம் பண்ணுங்க. என் குரல்ல உங்க பேர் கேட்டா, அது நானில்லை."

அவன் அவள் வயிற்றில் கைவைத்துச் சத்தியம் செய்தான். இதே வார்த்தையைத்தான் நாட்டில் எல்லாப் பெண்களும் தங்கள் புருஷன்மாரிடம் சொல்லிவைத்தார்கள்.

முதல் நாள் உச்சிவேளையில் குழியின் விளிம்பிலிருந்து அவளுடைய குரல் கேட்டது. "செங்கோடா!" அவன் காறித் துப்பிவிட்டு மண்ணை வெட்டினான். இரண்டாம் நாள் சிநேகிதன் குரல். அதற்கும் அவன் திரும்பவில்லை. மூன்றாம் நாள் ஒரு குரல் வந்தது.

"செங்கோடா, சாப்பிட்டியாடா?"

அது அவன் அம்மாவின் குரல். அம்மா செத்து ஆறு வருஷம் ஆயிற்று. அது அம்மா இல்லையென்று அவனுக்கு நன்றாகத் தெரியும். பொய் என்று தெரியும், பொறி என்று தெரியும். ஆனால் அந்தக் கேள்வியை அந்தக் குரலில் கேட்டு ஆறு வருஷம் ஆயிற்றே. அவனால் என்ன செய்ய முடியும், சொல்லுங்கள்? மண்வெட்டியைக் கீழே வைத்தான்.

"இல்லம்மா" என்றான்.

அவள் சோற்றுச்சட்டியோடு வந்தபோது குழியில் ஆளில்லை. "என்னங்க" என்று ஒரு தரம் கூப்பிட்டாள், இரண்டு தரம் கூப்பிட்டாள், மூன்று தரம் கூப்பிட்டாள். அடியில் ஊற்றுத் தண்ணீர் கசிகிற சத்தம் மட்டும் கேட்டது. அன்று அந்தக் கிணற்றில் தண்ணீர் வந்துவிட்டது. வெட்டியவன்தான் இல்லை.

அப்புறம் அவள் பட்டதைச் சொல்ல எனக்கே பிடிக்கவில்லை. அடுப்பு எரியவில்லை, தலை வாரவில்லை. ஊர் முழுவதும் அப்படித்தான் கிடந்தது. நிலத்தில் களை, தெருவில் நாய், வீட்டுக்கு வீடு அழுகை. மற்ற பெண்கள் துக்கம் தாங்காமல் நெஞ்சில் அடித்துக்கொண்டு புருஷன் பெயரைச் சொல்லி அழுதார்கள். இனிமேல் என்ன ஆயுசு குறையப் போகிறது என்று வாய்விட்டுச் சொன்னார்கள். சொன்ன மாத்திரத்தில் பெயர் நாக்குக்கு வந்தது, நாக்கிலிருந்து பறந்தது. பிறகு யாரை நினைத்து அழுகிறோம் என்று தெரியாமலே அழுதார்கள்.

மூன்றாம் நாள் அவளுடைய நாத்தனார் வந்தாள், செங்கோடனின் அக்கா. வாசலிலேயே உட்கார்ந்து தன் வாயில் தானே அடித்துக்கொண்டாள்.

"என் தம்பி பேர் எனக்கு வரமாட்டேங்குதே! நாளைக்குப் பிள்ளை பிறந்தா நான்தானே காதுல பேர் சொல்லணும்? யார் பிள்ளைன்னு ஊருக்குச் சொல்லுவேன்? உனக்காவது தெரியுமாடி? சொல்லுடி!"

அவள் வாயைத் திறந்தாள். திறந்தவள் அப்படியே மூடிக்கொண்டாள்.

தெரியும். அவளுக்குத் தெரியும்! ஊர் முழுக்க மறந்த பெயர் அவள் நெஞ்சுக்குள் பத்திரமாக இருந்தது. திருடன் நாக்கிலிருந்துதான் திருடுவான். அவள் நாக்கில் அந்தப் பெயர் ஒரு நாளும் ஏறியதில்லை. சொல்லாதே, சொல்லாதே என்று ஊர் அடக்கி வைத்ததால் மிஞ்சிய பெயர் அது. இப்போது சொன்னால் அதுவும் போய்விடும். சொல்வதானால் அவன் முன்னால் நின்று சொல்ல வேண்டும்.

"எனக்கு ஒண்ணும் தெரியாதுங்க" என்று நாத்தனாரிடம் சொன்னாள். உள்ளே போய் ஒரு படி சோறு வடித்துப் புளி கரைத்துக் கட்டிக்கொண்டாள். ஏழு மாத வயிற்றைத் தூக்கிக்கொண்டு பாழிமலைக்கு நடந்தாள்.

தெருவில் போகும்போது எதிர்வீட்டுக்காரி கேட்டாள். "ஏ... இந்தா... எங்கே போறே?" நேற்றுவரை 'செங்கோடன் பொண்டாட்டி' என்று கூப்பிட்டவள்தான். அவன் பெயர் போனதும் இவளைக் கூப்பிடவும் வார்த்தை இல்லாமல் போயிற்று.

மூன்று நாள் நடந்தாள். மலையில் மூன்று வாசல் இருந்தது.

முதல் வாசலில் ஓர் உடும்பு காவல் நின்றது. "உன் பேர் என்ன?" என்று கேட்டது. பெயரைச் சொல்லிவிட்டால் அங்கேயே கல்.

"கிணத்துக்காரர் வீட்டம்மா" என்றாள். ஊரில் அவளை அப்படித்தான் சொல்லுவார்கள்.

"கிணத்துக்காரர் வீட்டம்மா, கல்லாகு!" என்றது உடும்பு. ஒன்றும் ஆகவில்லை. அது அவள் பெயர் இல்லையே. உடும்பு விழித்தது. அவள் கடந்து போனாள்.

இரண்டாம் வாசலில் ஒரு கழுகு. "உன் பேர் என்ன?"

"வடக்குவீட்டு மருமக."

"வடக்குவீட்டு மருமகளே, கல்லாகு!" ஒன்றும் ஆகவில்லை. அவள் கடந்து போனாள்.

மூன்றாம் வாசலில் ஒரு கருநாய். "உன் பேர் என்ன?"

"இந்தா" என்றாள்.

"இந்தா, கல்லாகு!" என்று நாய் குரைத்தது. மறுபடி குரைத்தது. அவள் நின்றுகொண்டே இருந்தாள். நாய் கிட்டே வந்து மோந்து பார்த்தது. "எத்தனை பேர் வாயில் தேடினாலும் உன் பேர் அகப்படலையே. உனக்குப் பேரே வைக்கலையா?" என்று கேட்டது.

"வெச்சாங்க" என்றாள். எந்தப் பெயர் என்று யோசித்தாள். சட்டென்று வரவில்லை. மூன்று வாசலையும் கடந்துவிட்டோம் என்று சந்தோஷப்பட வேண்டிய இடம் அது. அவளோ அந்த நாயின் முன்னால் உட்கார்ந்து, தன்னை நினைத்து அழுதாள். கல்யாணமானதற்குப் பிறகு தனக்காக அவள் அழுதது அன்றைக்குத்தான்.

அழுது முடித்து உச்சிக்கு ஏறினாள். அங்கே கோட்டை நின்றது. எல்லாம் ஆள் உயரக் கல். ஒன்றின் மேல் ஒன்று, ஒன்றின் பக்கத்தில் ஒன்று. எல்லாம் ஒரே நிறம், ஒரே முகம். மதில் உச்சியில் குரல்திருடன் உட்கார்ந்திருந்தான்.

"வாம்மா" என்றான். "உன்னை எப்படிக் கூப்பிடறதுன்னு மூணு நாளா யோசிக்கிறேன். காது வலிக்குது. யார் நீ?"

"என் வீட்டுக்காரர் இங்கே இருக்கார். விட்டுடு."

"எந்தக் கல்?"

அவள் பார்த்தாள். ஆயிரம் கல்லுக்கு ஒன்று குறைச்சல். எது அவன்?

திருடன் கைகட்டிக்கொண்டு யோசித்தான். ஊரில் மிச்சமிருந்த ஆண்கள் காதில் மெழுகு வைத்துக்கொண்டு திரிகிறார்கள். அவனுக்கோ இன்னும் ஒரே ஒரு கல் வேண்டும்.

"சரி, ஒரு பந்தயம். மூணு தரம் கூப்பிடு. உன் புருஷன் பதில் சொன்னா கூட்டிக்கிட்டுப் போ. சொல்லலைன்னா உன் பேரை என் காதுல சொல்லிடணும். நீதான் என் ஆயிரமாவது கல்."

அவள் வயிற்றைத் தொட்டுக்கொண்டாள். தான் தோற்றால் தானும் போவாள், பிள்ளையும் போகும், அவனும் போவான், அந்த மதிலில் நிற்கிற அத்தனை பேரும் என்றைக்குமாகப் போவார்கள். தெரிந்துதான் தலையசைத்தாள்; மறந்துபோன தன் பெயரை எங்கே தேடுவது என்பதைத் தோற்ற பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டாள். வேறு வழி எங்கே இருந்தது?

முதல் தரம். வாய் திறக்க மாட்டேன் என்றது. ஐந்து வருஷப் பழக்கம், அதற்கு முன்னால் அவள் அம்மாவின் பழக்கம், அம்மாவின் அம்மாவின் பழக்கம், எல்லாம் சேர்ந்து வாயைப் பொத்தியது. கண்ணை மூடிக்கொண்டு சொன்னாள்.

"செங்கோடன்!"

சொல்லிவிட்டாள். நம் கதையில் இனி எல்லாம் சரியாகிவிடும் என்றுதானே நினைக்கிறீர்கள்? அவளும் அப்படித்தான் நினைத்தாள். ஒரு கல்கூட அசையவில்லை.

இரண்டாம் தரம். மலை அதிரக் கூப்பிட்டாள்.

"செங்கோடன்! நான்தான் வந்திருக்கேன், செங்கோடன்!"

ஒரு கல்கூட அசையவில்லை. மதிலின் அடியில், ஏதோ ஒரு கல்லுக்குள், அவன் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தான். அவனுக்கு நன்றாகக் கேட்டது. அவளுடைய குரல், தன்னுடைய பெயர். என் குரல்ல உங்க பேர் கேட்டா அது நானில்லை என்று அவள் சொன்னது நினைவில் இருந்தது. பிள்ளைமேல் சத்தியம் வேறு. ஒரு தரம் ஏமாந்தது போதும், இனி செத்தாலும் திரும்ப மாட்டேன் என்று இன்னும் இறுகிக்கொண்டான்.

அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. தான் போட்ட பூட்டு. தானே போட்டு, தானே இழுத்துப் பார்த்து, பிள்ளைமேல் சத்தியம் வாங்கிப் பூட்டிய பூட்டு.

வேறு விதமாகச் சொல்லிப் பார்ப்போம் என்று வாயைத் திறந்தாள். பெயர் வரவில்லை. இரண்டு தரம் கூப்பிடும் வரைக்கும் விட்டுவைத்திருந்த திருடன், நாக்கில் ஏறிய பெயரை இப்போது எடுத்துக்கொண்டுவிட்டான். நெஞ்சுக்குள் தேடினாள். அங்கேயும் இல்லை. ஏதோ ஒரு மலை, ஏதோ ஒரு நிறம், யாரோ ஒரு தாத்தா. உலகத்தில் அந்தப் பெயர் இருந்த கடைசி இடமும் காலியாகிவிட்டது.

அவள் அப்படியே மண்ணில் உட்கார்ந்தாள். இதற்காகவா வந்தோம் என்று நினைத்தாள். வராமல் இருந்திருந்தால் பெயராவது மிஞ்சியிருக்கும். பிள்ளையின் காதில் சொல்ல, இன்னார் பிள்ளை என்று ஊருக்குச் சொல்ல, அதையாவது வைத்திருந்திருக்கலாம். காப்பாற்றுகிறேன் என்று வந்து இருந்த ஒன்றையும் கொட்டிவிட்டாள். கேட்டுக்கொண்டிருக்கிற உங்களுக்கு அவளிடம் என்ன சொல்லத் தோன்றுகிறது? எனக்கு ஒன்றும் தோன்றவில்லை. சில நேரம் ஆறுதல் சொல்லக் கிளம்பினால் வார்த்தை இருக்காது.

"மூணாவது?" என்றான் திருடன், காதைத் தயாராக நீட்டிக்கொண்டு.

வெயில் உச்சிக்கு வந்திருந்தது. அவளுக்கு எதைச் செய்வது என்று தெரியவில்லை. கை தானாகப் போய்ச் சோற்றுமூட்டையை அவிழ்த்தது. உச்சிவெயில் என்றால் அந்தக் கைக்கு அந்த வேலைதான் தெரியும். மூன்று நாள் சோறு, அதில் ஒரு பருக்கை அவள் தொடவில்லை. தன் கடைசிக் குரலை எப்படிச் செலவழிக்கிறோம் என்றுகூட அவள் நினைக்கவில்லை. அழுகைக்கு நடுவே, பழக்கத்தில், தானாக வந்தது.

"என்னங்க... சோறு ஆறுது, மேல வாங்க."

திருடன் சிரித்தான். "இது பேரே இல்லையே!" என்றான்.

சிரித்து முடிக்கவில்லை. மதிலின் அடியிலிருந்து, ஆழமான குழியிலிருந்து வருவதுபோல ஒரு குரல் வந்தது.

"இதோ வந்துட்டேன்!"

ஒரு கல் திரும்பியது. அவள் எழுந்தாள். எழுந்தவள் அப்படியே நின்றுவிட்டாள். ஏனென்றால் பக்கத்துக் கல்லும் திரும்பியது.

"வரேன், வரேன்!"

அதற்கு மேலே இருந்த கல்லும். "வந்துட்டேன்டி, கத்தாதே!"

"ஒரு நிமிஷம், கை கழுவிட்டு வரேன்!"

அந்த நாட்டில் எந்தப் பெண் தன் புருஷனை வேறு விதமாகக் கூப்பிட்டாள்? தவில்காரன் பொண்டாட்டி அப்படித்தான் கூப்பிடுவாள், ஆட்டு வியாபாரி பொண்டாட்டி அப்படித்தான், பூசாரி பொண்டாட்டியும் அப்படித்தான். பெயரை எல்லாம் திருடி வைத்திருந்தானே, அந்த ஒரு 'என்னங்க' அவனுக்குப் பெயராகவே தோன்றவில்லை. அதைத் திருட வேண்டுமென்றும் அவனுக்குத் தோன்றவில்லை. அவனை யாரும் அப்படிக் கூப்பிட்டிருந்தால்தானே தெரியும்!

கற்கள் ஒவ்வொன்றாகச் சோற்றுக்கு இறங்கின. அடிக்கல் நகர்ந்தது, நடுக்கல் நகர்ந்தது. திருடன் மதில்மேல் நின்று, திருடிய பெயர்களை எல்லாம் ஒவ்வொன்றாகக் கத்தினான். ஒருவனும் திரும்பவில்லை. பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்பாதே என்று வீட்டில் சொல்லித்தானே அனுப்பியிருந்தார்கள். கோட்டை சரிந்தது. திருடனும் சரிந்தான். அவன் திருடிய பெயர்கள் ஊர்க்காரர்களின் நாக்குக்கே திரும்பிப் போயின. அவன் உடம்பு பள்ளத்தில் எங்கே போயிற்று என்று தெரியாது. குரல் மட்டும் மிச்சம். மலைக்குப் போய் நீங்கள் எதைச் சொன்னாலும் அதையே திருப்பிச் சொல்லும். சொந்தமாக ஒரு வார்த்தை அதற்குக் கிடையாது.

கல்யாணமாகாதவர்கள் என்ன ஆனார்கள் என்று கேட்பீர்கள். சரிந்த இடத்தில் கல்லாகவே கிடந்தார்கள். மறுநாள் அவர்களுடைய அம்மாக்கள் வந்து "டேய் கண்ணு", "சாமி", "தங்கம்" என்று வீட்டில் கூப்பிடுகிறபடி கூப்பிட்டு எழுப்பிக்கொண்டு போனார்கள். யாரும் எப்படியும் கூப்பிடாத ஏழு பேர் மிஞ்சினார்கள். ஊர்ப் பெண்கள் அவர்களுக்கு ஆளுக்கொரு செல்லப்பெயர் வைத்து, தினம் போய்க் கூப்பிட்டார்கள். ஆறு பேர் எழுந்தார்கள். ஒருவன் இன்னும் எழவில்லை. இன்னும் கூப்பிட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

ராஜா வந்தார், எல்லாம் முடிந்த பிறகு. பல்லக்கும் பட்டும் தோட்டமும் கொடுத்தார். பிள்ளைக்குப் பெயர் வைக்கும்போது அப்பாவின் பெயரோடு அம்மாவின் பெயரையும் ஊருக்குச் சொல்ல வேண்டும் என்று அவள் கேட்டாள், அதையும் கொடுத்தார். அவளுக்கு மகள் பிறந்தாள். நாத்தனார் காதில் மூன்று தரம் பெயர் சொல்லி, இரண்டு பெயரையும் கூவிச் சொன்னாள். அதெல்லாம் பிறகு நடந்தது. அன்றைக்கு மலையிறங்கும்போது நடந்ததைச் சொல்லாவிட்டால் இந்தக் கதையே வீண்.

ஒரு படிச் சோறு எத்தனை பேருக்குக் காணும்? ஆளுக்கு ஒரு பருக்கை தின்றுவிட்டு எல்லாரும் தங்கள் வீட்டைப் பார்த்து ஓடினார்கள். செங்கோடன் தன் பருக்கையை மென்றுவிட்டு, "ஆறிப்போச்சே" என்றான். அவள் சிரித்தாள், அந்தச் சிரிப்பிலேயே அழுதாள்.

இருவரும் இறங்கினார்கள். அவள் முன்னால், அவன் பின்னால்.

"நீ என் பேரைச் சொன்னே. ரெண்டு தரம். கேட்டுது" என்றான்.

"கேட்டும் வரலையே."

"நீயில்லைன்னு நெனச்சேன்." கொஞ்ச தூரம் நடந்தான். "ஆனா நல்லா இருந்துது."

அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நடந்தாள்.

"உன்னை மட்டும் ஏன் அவனால பிடிக்க முடியலை?"

"என் பேர் அவனுக்குத் தெரியலையாம். யார் வாயிலயும் இல்லையாம். எனக்கே மறந்துபோச்சு."

அவன் நின்றுவிட்டான். அவள் நடந்துகொண்டிருந்தாள். மூன்று வருஷம் மழையில்லாமல் கிடந்து, முதல் தூறல் விழுந்த அன்று பிறந்தவள் அவள். தூறலில் வேப்பம்பூ உதிர்ந்து முற்றமெல்லாம் வெள்ளையாகக் கிடந்ததாம். அதைப் பார்த்துத்தான் அவள் அம்மா பெயர் சொன்னாள், அத்தை காதில் ஓதினாள். பெண்பார்க்கப் போனபோது அவன் அதைக் கேட்டிருந்தான். அதற்குப் பிறகு ஒரு தரம்கூட அவன் சொன்னதில்லை.

"பூமாரி" என்றான்.

அவள் நடந்துகொண்டே இருந்தாள்.

"பூமாரி!"

அவள் நின்று, யாரோ பின்னால் வருகிறார்கள் போலிருக்கிறது என்று பாதையைப் பார்த்தாள். பாதையில் அவனைத் தவிர ஒருவரும் இல்லை.

"பூமாரி" என்றான், மூன்றாம் தரம், மெதுவாக.

அவள் அவன் பக்கம் திரும்பினாள். பயமாக இருந்தது. அவனை நன்றாக ஒரு தரம் பார்த்து, அவன்தான் என்று தெரிந்துகொண்டாள்.

"ஓ" என்றாள்.

அவர்கள் மலையிறங்கி வீடு போய்ச் சேர்ந்தார்கள். கதையும் அவர்கள் பின்னாலேயே இறங்கிப் போயிற்று.